வீடியோவ ரெண்டு லட்சத்துக்கு மேல பாத்தாங்க, ஓடர் வந்தது ரெண்டே ரெண்டு. எங்க தப்பு?

ஆரி_கொட்டகலை எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமா எழுதுறேன், பொறுமையா வாசிச்சிட்டு தெரிஞ்சவங்க சொல்லுங்க.

நான் இலங்கை மலையகத்துல, கொட்டகலையில, வீட்டிலயே முன் ரூம்ல மெசின் போட்டு தைக்கிறேன், நாலு வருஷமாச்சு. சுடிதார், சாதா ப்ளவுஸ் எல்லாம் தைப்பேன், ஆனா எனக்கு பேர் வாங்கிக் குடுத்தது ஆரி வேலைதான். கல்யாணம், சடங்கு, வளைகாப்புன்னா நம்ம பக்கத்து தேயிலைத் தோட்டத்துல இருந்து தேடி வருவாங்க. போன வருஷம் கடைசியில தம்பி சொன்னான்னு யூடியூப்ல சின்ன சின்ன வீடியோ போட ஆரம்பிச்சேன், பேஸ்புக்லயும் அதையே போடுவேன். கழுத்துல மயில் வச்சு தச்ச ஒரு ப்ளவுஸ், 48 செக்கன் வீடியோ, ஊசி ஏறி எறங்குறது மட்டும் கிட்டத்துல எடுத்தது, பின்னால மியூசிக், அது திடீர்னு ஓட ஆரம்பிச்சு 2 லட்சத்து 40 ஆயிரம் வியூஸ் வந்திச்சு. வீட்ல எல்லாருக்கும் அவ்வளவு சந்தோசம், நான் அடுத்த நாளே ரெண்டு பெட்டி மணியும் ஸ்டோனும் வாங்கி வச்சிட்டேன், ஓடர் குவியப்போகுதுன்னு நெனச்சு.

வந்தது ரெண்டு ஓடர். அதுல ஒண்ணு எங்க சித்தி மக.

ஆனா பாருங்க, அதே ப்ளவுஸ வெளிச்சமே இல்லாத நேரத்துல அவசரமா எடுத்து வட்ஸ்அப் ஸ்டேட்டஸ்ல போட்டேன், கை ஆடுது, பின்னால குக்கர் சத்தம் கூட கேக்குது, அதுக்கு பதினோரு பேர் எழுதி கேட்டாங்க, அஞ்சு பேர் தைக்க குடுத்திட்டாங்க. வீட்டுக்காரர் சொன்னாருன்னு பேஸ்புக்ல 6,000 ரூவா கட்டி பூஸ்ட் பண்ணியும் பாத்தேன், லைக்தான் வந்திச்சு, ஒருத்தரும் விலை கூட கேக்கல. ஒரு வீடியோ எடுக்க எனக்கு அரை நாள் போகுது, அந்த நேரத்துல ஒரு சாதா ப்ளவுஸ் தச்சு முடிச்சிருவேன். வீடியோ போடுறத விட்டுறவா இல்ல வேற மாதிரி போடணுமா?

ஹட்டன்_கேமரா எழுதியது:

அக்கா, விட வேணாம். நான் கல்யாண வீடியோ எடுத்து எடிட் பண்றவன், இதே கஷ்டம் எனக்கும் இருந்துச்சு, அதனால சொல்றேன்.

மொதல்ல அந்த ரெண்டு லட்சத்த அப்பிடியே ஆளுங்கன்னு எடுத்துக்காதீங்க. யூடியூப் ஷோர்ட்ஸ்ல 2025 மார்ச் 31ல இருந்து எண்ற விதத்த மாத்திட்டாங்க, வீடியோ ஓடத் தொடங்கினாலே ஒரு வியூ, திரும்ப ஓடினா இன்னொரு வியூ, எத்தன செக்கன் பாத்தாங்கங்குற கணக்கே அதுல இல்ல. நின்னு பாத்தவங்க கணக்கு, சேனல் கணக்கு காட்டுற யூடியூப் ஸ்டூடியோக்குள்ள 'எங்கேஜ்ட் வியூஸ்'ன்னு தனியா கிடக்கும், அதத்தான் பாக்கணும். பேஸ்புக் பக்கமும் அப்பிடித்தான், 3 செக்கன் பாத்தா வியூன்னு ரொம்ப காலமா எண்ணினாங்க. 2016ல, சராசரியா எவ்வளவு நேரம் பாக்குறாங்கங்குறத கூட்டிக் காட்டிட்டோம்னு அவங்களே ஒத்துக்கிட்டாங்க, 3 செக்கனுக்கு கொறைய பாத்தவங்கள விட்டுட்டு சராசரி எடுத்திருக்காங்க. வெளம்பரத்துக்கு சல்லி கட்டினவங்க எல்லாம் அந்த நம்பர நம்பித்தான் கட்டினாங்க.

ரெண்டாவது, இதுதான் முக்கியம். யூடியூப் ஸ்டூடியோவ தொறந்து அந்த மயில் வீடியோவுக்குள்ள போங்க, எந்த நாட்டுல இருந்து பாத்திருக்காங்கன்னு காட்டும். அத பாத்துட்டு இங்க எழுதுங்க. பக்கத்துலயே ஒரு கோடு வரைஞ்ச படம் இருக்கும், எத்தனாவது செக்கன்ல ஆளுங்க எழும்பிப் போறாங்கன்னு, அதையும் பாருங்க.

பூஸ்ட் பத்தி ஒண்ணு. பட்டன அமத்தினதும் அது என்ன நோக்கம்னு கேக்கும், நீங்க லைக் கொமெண்ட் வர்ற மாதிரி விட்டிருப்பீங்க, அப்ப அது லைக் போடுற பழக்கம் உள்ளவங்களத் தேடித்தான் காட்டும். மெசேஜ் வர்றதுக்குன்னு மாத்தி, ஹட்டன் நுவரெலியாவ சுத்தி இத்தன கிலோமீட்டர்னு எடத்தையும் குடுக்கணும். அப்பிடி செய்யாத பூஸ்ட் ஆத்துல போட்ட புளிதான்.

ஆரி_கொட்டகலை எழுதியது:

தம்பி ரொம்ப நன்றி. பாத்தேன், பாத்துட்டு கொஞ்ச நேரம் அப்பிடியே உக்காந்துட்டேன். நூத்துக்கு 83 இந்தியா. இலங்கை 5 கூட முழுசா இல்ல. மிச்சம் மலேசியா, சவூதி, கட்டார்னு சின்னச் சின்னதா. இப்பத்தான் கொமெண்ட் எல்லாம் ஒழுங்கா வாசிச்சேன், சேலத்துல கடை இருக்கா, மதுரைக்கு அனுப்புவீங்களா, கிளாஸ் எடுப்பீங்களான்னு நெறைய பேர், நான் ஒருத்தருக்கும் பதில் போடல, அது இன்னும் கவலையா இருக்கு. நம்ம ஊர் ஆள் ஒருத்தர் 'எங்க இருக்கீங்க'ன்னு ரெண்டு தடவ கேட்டிருக்காரு.

அந்த கோட்டுல, ஆரம்பத்துலயே விழுகுது, ஆனா கடைசியில ப்ளவுஸ முழுசா விரிச்சுக் காட்டுற எடத்துல திரும்ப ஏறுது.

பண்டாரவளை_கேக் எழுதியது:

அக்கா அந்த கடைசியில ஏறுற எடம்தான் உங்க மொத செக்கனா இருக்கணும். சனம் அந்த எடத்த தேடி இழுத்து இழுத்து பாத்திருக்கு. தச்சு முடிச்சத மொதல்ல காட்டிட்டு அப்புறம் ஊசிய காட்டுங்க.

நான் வீட்ல கேக் செஞ்சு விக்கிறேன், பதுளை பண்டாரவளை அப்புத்தளை மட்டும்தான், அதுக்கு மேல கேக் பஸ்ஸுல தாங்காது. எனக்கும் மொத வருஷம் இதே கதைதான். தமிழ்ல பேசி யூடியூப்ல போட்டா அது தமிழ்நாட்டுக்குத்தான் போகும், அங்க கோடிக் கணக்கா ஆளு, நம்ம மலையகத்துல எத்தன பேரு, அந்த வெள்ளத்துல நாம தெரிய மாட்டோம். நான் டிக்டொக்குக்கு மாத்தினேன். காரணம் என்னன்னா இந்தியாவுல 2020 ஜூன்ல டிக்டொக்க தடை பண்ணிட்டாங்க, அதனால டிக்டொக்ல தமிழ்ல ஒண்ணு போட்டா அத பாக்குற தமிழாளுங்க இலங்கை, கல்ஃப், மலேசியா, ஐரோப்பா இந்த மாதிரி எடத்துலதான் இருப்பாங்க. வியூஸ் ரொம்ப கொறைஞ்சிருச்சு, ஆயிரம் ரெண்டாயிரம்தான், ஆனா 'அக்கா சனிக்கிழமைக்கு ஒரு கிலோ வேணும்'ங்குற கொமெண்ட் வர ஆரம்பிச்சிச்சு.

கல்ஃப்ல இருந்து பாக்குறவங்கள சும்மா விட்டுறாதீங்க. நம்ம தோட்டத்துல இருந்து போன எத்தன பொண்ணுங்க அங்க வேல செய்யுதுங்க, தங்கச்சி சடங்கு, தம்பி பொண்டாட்டிக்கு வளைகாப்புன்னா அங்க இருந்து சல்லி அனுப்பி இங்க செய்யச் சொல்றது அவங்கதான். எனக்கு மாசத்துல நாலஞ்சு கேக் அப்பிடி போகுது.

இன்னொன்னு மனசார சொல்றேன், 'விலைக்கு இன்பாக்ஸ் வாங்க'ன்னு மட்டும் போட்டுறாதீங்க. நம்மாளுங்க விலை கேக்க கூச்சப்படுவாங்க, கேட்டுட்டு வாங்க முடியாட்டி அசிங்கம்னு நெனச்சு கேக்காமலே போயிருவாங்க. ஆரம்ப விலை இவ்வளவுன்னு எழுத்துல போடுங்க. ஊர் பேரும் மொத மூணு செக்கனுக்குள்ள பெருசா வரணும். பஸ்ஸுல போகயில சத்தத்த கொறச்சிட்டுத்தான் பாக்குறாங்க, நீங்க வாயால சொல்றது அவங்களுக்கு கேக்காது.

தலவாக்கலை_கணக்கு எழுதியது:

எனக்கு கொஞ்சம் மாத்துக் கருத்து இருக்கு. இந்தியாவுல பாக்குறவங்க வீண்னு சொல்லாதீங்க. நான் சாதாரண தரப் பரீட்சைக்கு (ஓ.எல்.) படிக்கிற பிள்ளைகளுக்கு கணக்கு பாடம் போடுறேன், அங்க இருந்து பாக்குறவங்களாலதான் என்னோட சேனல் நிக்குது. சகோதரிகிட்ட கிளாஸ் எடுப்பீங்களான்னு அத்தன பேர் கேட்டிருக்காங்க, அது ஒரு கதவு இல்லையா? ஷோர்ட்ஸ்ல காசு வர்றது கஷ்டம், முழு வெளம்பர வருமானத்துக்கு 1,000 சந்தாதாரரோட 90 நாளுக்குள்ள ஒரு கோடி ஷோர்ட்ஸ் வியூ வேணும். நீள வீடியோன்னா அதே 1,000 சந்தாதாரரோட 12 மாசத்துல 4,000 மணி நேரம் பாத்திருந்தா போதும். ஆரி ஊசி எப்பிடி பிடிக்கிறது, சங்கிலித் தையல், மணி கோக்குறதுன்னு பத்து பாடம் பொறுமையா எடுத்துப் போட்டா, தேடி வந்து பாப்பாங்க. ஷோர்ட்ஸ் ஒரு கிழமையில அடங்கிரும், பாடம் வருஷக் கணக்கா ஓடும். நான் மூணு வருஷத்துக்கு முன்ன போட்ட பின்னம் பாடம் இன்னைக்கும் பரீட்சை நெருங்கினா ஏறும்.

ஹட்டன்_கேமரா எழுதியது:

சேர் சொல்றது உண்மைதான், ஆனா அது வேற தொழில். அக்காவுக்கு இருக்கிறது ரெண்டு கை. ஒரு கல்யாண ப்ளவுஸுக்கு மூணு நாலு நாள் சட்டத்துல குனிஞ்சு உக்காரணும், அதுக்கு மேல பாடம் எடுத்து எடிட் பண்ணி, 4,000 மணி நேரம் சேரும் வரைக்கும் அடுப்பு எரியணுமே. மொதல்ல ஊருக்குள்ள ஓடர் நிக்கட்டும், தீபாவளி முடிஞ்சு வேல கொறையிற மாசத்துல பாடம் எடுக்கலாம்.

எல்ல_த்ரீவீல் எழுதியது:

மகள், எனக்கு யூடியூப் கணக்கெல்லாம் தெரியாது, இருபது வருஷமா எல்லயில த்ரீவீல் ஓட்டுறேன், கண்ணால பாத்தத சொல்றேன். ஒம்பது வளைவு பாலம் 1921ல கட்டினது. நான் ஓட்டத் தொடங்கின காலத்துல அங்க போகச் சொல்லி கேக்குறவங்க ரொம்ப கொறைவு, எல்லாரும் ராவணா எல்ல நீர்வீழ்ச்சிக்குத்தான் போவாங்க. இப்ப வண்டியில ஏறினதும் போன நீட்டி, ரயில் பாலத்துல வர்ற வீடியோவ காட்டி, இந்த எடம், இந்த பக்கத்துல இருந்து தெரியணும், ரயில் எத்தன மணிக்குன்னு கேக்குறாங்க. வீடியோ அந்த அளவுக்கு ஆள கூட்டிட்டு வருது, அத நான் மறுக்க மாட்டேன்.

ஆனா ஏன் வருதுன்னு யோசிச்சேன். அந்த வீடியோவ பாக்குறவன் எந்த நாட்டுல இருந்தாலும் அவனுக்கு வர வழி இருக்கு, டிக்கட் எடுத்தா வந்துறலாம். உங்க வீடியோவ பாத்த பொண்ணுக்கு உங்ககிட்ட வர வழி என்ன? அளவு எப்பிடி குடுக்கிறது, துணி எப்பிடி அனுப்புறது, எத்தன நாள்ல வரும், ஒண்ணுமே அதுல இல்லையே. வட்ஸ்அப்ல பாத்தவங்களுக்கு உங்க வீடு தெரியும், மகளத் தெரியும், அதனால கேட்டாங்க. தெரியாதவங்களுக்கும் அந்த வழிய காட்டிவிடுங்க, வருவாங்க.

பண்டாரவளை_கேக் எழுதியது:

அங்கிள் சொன்னதுதான் சரி. அக்கா, 'அளவு ப்ளவுஸ கூரியர்ல அனுப்புங்க, தச்சதோட சேத்து அதையும் திருப்பி அனுப்புறேன்'ன்னு ஒரு வீடியோ தனியா போடுங்க. போடுற நாளையும் பாருங்க, தோட்டத்துல சம்பளம் 10ஆம் திகதி அளவுல வரும், தீபாவளி முற்பணம் கைக்கு வர்ற நேரமும் தெரியும், அதுக்கு ரெண்டு நாள் முன்ன போடுங்க, பகல்ல போடாதீங்க, மலைல இருக்கவங்க யாரும் போன பாக்க மாட்டாங்க, ராத்திரி ஏழுக்கு மேல.

அப்புறம் சிங்கள ஆளுங்கள மறந்துறாதீங்க. ஹட்டன் டவுன்ல பாதி கடைக்கு அவங்கதான வாடிக்கை, அவங்க கட்டுற கண்டிச் சேலை, அந்த ஒசரிக்கு வேலப்பாடு வச்ச ப்ளவுஸ் தைக்க அவங்களும் ஆள் தேடுறாங்க. சிங்களத்துல ரெண்டு வரி எழுத்து போட்டா அந்த வீடியோ நாட்ட விட்டு வெளிய போறதும் கொறையும்.

ஆரி_கொட்டகலை எழுதியது:

ஆறு கிழமைக்கு பிறகு வர்றேன், எல்லாருக்கும் சொல்லாம இருக்க மனசு கேக்கல.

டிக்டொக்ல புதுசா தொடங்கினேன். மியூசிக்க எடுத்துட்டு நானே பேசினேன், மொத ரெண்டு வீடியோவுல குரல் நடுங்குச்சு, பரவாயில்லன்னு போட்டுட்டேன். தச்சு முடிச்சது மொதல்ல, 'கொட்டகலை', '4,500 ரூவாவுல இருந்து'ன்னு பெருசா எழுத்து. அதோட அளவு ப்ளவுஸ் எப்பிடி பார்சல் பண்றதுன்னு ஒண்ணு போட்டேன், அத எடுக்க பத்து நிமிஷம் கூட ஆகல, அதுதான் நல்லா போகுது. 3,100 வியூஸ்தான், ஆனா ஒம்பது பேர் வட்ஸ்அப்புக்கு வந்தாங்க, நாலு பேர் அனுப்பிட்டாங்க, ஒருத்தங்க குவைத்துல இருந்து, மஸ்கெலியாவுல இருக்க தங்கச்சி சடங்குக்கு. அந்த பிள்ளையோட அம்மா நேர்ல வந்து வாங்கிட்டுப் போனாங்க, அந்த மயில் ப்ளவுஸ கையில தொட்டுப் பாத்துட்டு வீடியோவுல இருந்ததுதானேன்னு கேட்டாங்க, எனக்கு கண்ணு கலங்கிருச்சு.

பழைய கொமெண்ட் எல்லாத்துக்கும் மூணு ராத்திரி உக்காந்து பதில் போட்டேன். 'எங்க இருக்கீங்க'ன்னு ரெண்டு தடவ கேட்டவருக்கு லிந்துலையாம், பக்கத்து ஊரு, அவரு மகளுக்கு கல்யாணம், இத்தன நாள் பதில் இல்லன்னு வேற எடத்துல குடுத்திட்டாங்களாம். கிட்டத்தட்ட மூணு ப்ளவுஸ்.

சேர், பாடமும் எடுப்பேன், மறக்கல, பொங்கல் கழியட்டும். இப்ப ஒசரி ப்ளவுஸ் ஒண்ணு தச்சிட்டு இருக்கேன், அதுக்கு சிங்களத்துல எழுத்து போடணும், எனக்கு பேச வரும், எழுத்து பிழைக்கும். யாராவது பாத்து திருத்தித் தருவீங்களா?

ஹட்டன்_கேமரா எழுதியது:

அனுப்புங்க அக்கா, எங்க வீட்ல அவ சிங்கள மீடியத்துல படிச்சவ, ராத்திரி எட்டுக்கு மேல பாத்து அனுப்பச் சொல்றேன்.