ஷேம்லெஸ்: ஃபியோனா போன பிறகும் பார்க்கலாமா?

கொட்டாஞ்சேனைக்காரன்:
ஷேம்லெஸ் என்ற அமெரிக்கத் தொடரின் ஒன்பதாவது சீசனை நேற்று இரவு முடித்தேன். வீட்டின் மூத்த அக்கா ஃபியோனா விமானம் ஏறிவிட்டாள். இன்னும் இரண்டு சீசன் கிடக்கிறது, தொடங்க மனம் வரவில்லை. இந்த நாடகம் எனக்குப் பிடித்ததே முதல் எபிசோட்டில் வரும் அந்த லைட் பில் காட்சியால்தான்: காலையில் ஒரு பெட்டி கைமாறிக்கொண்டே வர, சின்னதுகள் வரைக்கும் தங்களிடம் இருக்கிற காசைப் போடும். எங்கள் வீட்டில் பெட்டிக்குப் பதில் சாமிப் படத்துக்குப் பின்னால் ஒரு மைலோ டின், அவ்வளவுதான் வித்தியாசம். அந்த வீட்டை இழுத்துக்கொண்டு போனவளே இல்லையென்றால் மிச்சத்தில் என்ன இருக்கிறது? பார்த்தவர்கள் சொல்லுங்கள், கடைசியை மட்டும் சொல்லாதீர்கள்.

வெள்ளவத்தை ரசிகை:
பாருங்கள் தம்பி, ஆனால் பழைய சூடு இருக்காது. போகும்போது தங்கை டெபியிடம் 50,000 டொலர் விட்டுவிட்டுப் போகிறாளே, பிறகு டெபி அந்தக் காசை வைத்துக்கொண்டு வீட்டுக்கு அக்காவாகப் பார்ப்பாள், ஒருத்தரும் மதிக்கமாட்டார்கள், அது கொஞ்சம் சிரிப்புத்தான். மற்றது, எல்லோரும் ஃபியோனா கைவிட்டுவிட்டுப் போனாள் என்றே எழுதுகிறீர்கள். என் அக்கா 22 வயதில் குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போனவ. எங்கள் மூன்று பேருடைய டியூஷன் காசும் அவ அனுப்பியதுதான். லீவில் வந்தால் பால்மா டின், கோடாலித் தைலம், சோப்பு என்று பெட்டியைத் திறப்பா, நாங்கள் பெட்டிக்குள்தான் பார்ப்போம், அவவின் கையைப் பார்த்ததில்லை. அந்த விமானக் காட்சியில் எனக்கு அழுகை வரவில்லை, அப்பாடா என்று இருந்தது.

மருதானை மச்சான்:
அக்கா சொல்வது சரி. ஆனால் கதை தொய்ந்தது அதற்கு முன்னமே, ஃபியோனா கட்டடம் வாங்கி வாடகைக்காரரோடு மல்லுக்கட்டத் தொடங்கியபோதே. 2004இல் மான்செஸ்டரில் வைத்து எடுத்த பிரிட்டிஷ் மூலத்தில் அவள் இரண்டாவது சீசனிலேயே போய்விடுவாள், அதையும் 2013 வரை ஓட்டினார்கள். அமெரிக்கக்காரர் ஒன்பது வரை வைத்திருந்ததே பெரிய காரியம். அப்புறம் பதினோராவது முழுக்க முகக்கவசம்தான், குடிகார அப்பா ஃப்ராங்கின் உடம்பு எத்தனை போத்தலைத் தாங்கியது, கடைசியில் கொவிட் எமனாக வந்தது.

கொட்டாஞ்சேனைக்காரன்:
அண்ணா, கடைசியைச் சொல்லாதீர்கள் என்று தமிழில்தானே எழுதினேன்?

மருதானை மச்சான்:
ஐயோ, கவனிக்கவில்லை தம்பி. குறை நினைக்காதீர்கள்.

கொட்டாஞ்சேனைக்காரன்:
சரி, இனி என்ன. இன்று இரவு பத்தாவதைத் தொடங்குகிறேன், டெபி அந்தக் காசை என்ன செய்கிறாள் என்றாவது பார்ப்போம்.