ரேச்சல் லோவின் 1971 தொகுதி: முன்னுரைப் பக்கங்கள் தேவை

பிரிட்டிஷ் சினிமா வரலாற்றாசிரியர் ரேச்சல் லோவின் பணிவாழ்வைப் பற்றி இரண்டு மாதங்களாக ஒரு கட்டுரை எழுதிவருகிறேன், ஓரிடத்தில் நின்றுவிட்டது. கேலிச்சித்திரக்காரர் டேவிட் லோவின் மகளான அவர், ரோஜர் மேன்வெலுடன் சேர்ந்து ‘பிரிட்டிஷ் திரைப்படத்தின் வரலாறு’ என்ற நூல்வரிசையில் 1896 முதல் 1906 வரையிலான முதல் தொகுதியை 1948இல் வெளியிட்டார். முதல் உலகப் போர் வரைக்குமான அடுத்த இரண்டும் விரைவிலேயே வந்துவிட்டன. ஆனால் 1918–1929 காலத்துக்குரிய நான்காம் தொகுதி வந்ததோ 1971இல்தான். ஏறத்தாழ இருபது ஆண்டு இடைவெளியைப் பற்றி அவரே என்ன சொல்கிறார் என்று பார்க்காமல் ஊகித்து எழுத எனக்கு மனமில்லை.

முதல் மூன்று தொகுதிகளும், முப்பதுகளின் படத்தயாரிப்பைப் பேசும் 1985ஆம் ஆண்டுத் தொகுதியும் என்னிடம் உள்ளன. அருகிலுள்ள நூலகத்தின் பட்டியலில் நான்காம் தொகுதி இருப்பதாகக் காட்டுகிறது; அலமாரியில் அது இருக்க வேண்டிய இடத்தில் தூசி படியாத ஒரு செவ்வகம் மட்டுமே இருக்கிறது. பழைய புத்தகக் கடைக்காரர் ஒருவர், 1918 என்ற எண்ணைப் பார்த்த மாத்திரத்தில், 1914–1918 தொகுதியை அனுப்பிவிட்டார் (இப்போது அதில் இரண்டு பிரதிகள்!). நான் இருப்பது லண்டனிலிருந்து நான்கு மணி நேர ரயில் தூரம் என்பதால், சவுத்பேங்கில் உள்ள பிரிட்டிஷ் திரைப்படக் கழக நூலகத்துக்கு இம்மாத இறுதிக்குள் போக வழியில்லை.

ஜார்ஜ் ஆலன் அண்ட் அன்வின் வெளியிட்ட அந்த 1971 பதிப்பை வைத்திருப்பவர் யாராவது, அதன் முன்னுரைப் பக்கங்களைப் படமெடுத்து அனுப்ப முடியுமா?