குளத்தில் மீன்குஞ்சு விடும் திட்டம்: எந்த மீன்?

அன்பான உறவுகளே,

ஊர்க் குளத்தில் மீன்குஞ்சு விடக் காசு சேர்ப்பது பற்றிய மடல்களைப் படித்தேன். நல்ல காரியம், என் பங்கும் வரும். ஆனால் எந்த மீன் என்று தீர்மானிக்காமல் ஒரு சதமும் அனுப்ப வேண்டாம்.

தம்பி ஒருவர், பாசியைத் தின்னும் என்று, வீட்டு மீன்தொட்டிகளில் விடும் 'டாங்க் கிளீனர்' மீனையும் சேர்க்கச் சொல்லியிருந்தார். தயவுசெய்து வேண்டாம். அது தென்னமெரிக்க மீன். முட்டையிடும் காலத்தில் கரை மண்ணில் வளை தோண்டும். ஒரு மீற்றர் ஆழம்கூடப் போகும். அப்படித் துளைபட்ட கரை மெல்ல அரித்துச் சரியும். உடம்பெல்லாம் எலும்புத் தகடும் முள்ளும் என்பதால் வலையையும் கிழித்துவிடும். 1986 சித்திரையில் கந்தளாய்க் குளம் உடைத்ததற்கும் மீனுக்கும் தொடர்பில்லை. ஆனால் அந்தக் குளத்துத் தண்ணீரில் வயல் செய்யும் தம்பலகாமத்தாருக்குக் குளக்கட்டின் அருமையை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

திலாப்பியாவும் வந்த மீன்தானே என்று கேட்பீர்கள். ஆம், 1952இல் இலங்கைக்குக் கொண்டுவந்தார்கள். இன்று குளத்து மீன்பிடியில் பெரும்பங்கு அதுதான். ஏழை வீட்டுக் கறியும் அதுதான். அதை நான் குறை சொல்ல வரவில்லை. ஆனால் குஞ்சை வாயில் வைத்துக் காக்கும் அந்த மீன் ஒரு குளத்தில் பெருகினால் பிறகு அதை ஒழிக்க முடியாது. எல்லா அந்நிய மீனும் அதுபோலச் சோறு போடும் என்றும் நம்ப முடியாது. தெதுறு ஓயா நீர்த்தேக்கத்தில் இப்போது பெருகியிருக்கும் பெரிய விரால் வகையைப் பாருங்கள். எங்கள் விராலுக்குச் சொந்தம்தான், ஆனால் தென்கிழக்காசியாவிலிருந்து வந்தது. அங்கே சிறு மீனும் இறாலும் குறைந்துவிட்டதாக மீனவர்கள் சொல்கிறார்கள்.

கனடாவில் இருப்பவர்களுக்கு ஒன்று. கப்பல் போக வெட்டிய வெலண்ட் கால்வாய் வழியாக லம்ப்ரே என்ற ஒட்டுண்ணி மீன், வட அமெரிக்கப் பேரேரிகளில் ஒன்றான ஈரி ஏரிக்குள் வந்தது. 1921இல் அங்கே கண்டார்கள். அப்புறம் மேலே உள்ள ஏரிகளுக்கும் ஏறி, ஏரி டிரவுட் மீன்களின் இரத்தத்தை உறிஞ்சி அந்த மீன்பிடியையே விழுத்தியது. இன்றும் அதைக் கட்டுப்படுத்த இரண்டு பணக்கார நாடுகள் வருடாவருடம் பல மில்லியன் டொலர் கொட்டுகின்றன. எங்கள் குளத்துக்கு யார் கொட்டுவார்கள்? மாரியில் குளம் நிரம்பி வான் பாய்ந்தால் ஒரு குளத்து மீன் அடுத்த குளத்துக்கும் வயல் வாய்க்காலுக்கும் போய்விடும்.

என் யோசனை கட்லாவும் ரோகுவும். அவை வளர்ப்பு மீன்கள். தேங்கிய நீரில் பொதுவாகக் குஞ்சு பொரிக்காது. தெரிவு பிழையாகிப் போனாலும், மறுபடி விடாவிட்டால் சில வருடத்தில் தீர்ந்துவிடும். சாதாரணக் கெண்டை (கொமன் கார்ப்) வேண்டாம். அது அடிமண்ணைக் கிளறித் தண்ணீரைக் கலக்கி, நீர்ச்செடியைப் பிடுங்கும்.

குஞ்சுகளை, மீன் வளர்ப்புக்கான அரச அதிகாரசபையான நக்டாவிடம் மட்டும் வாங்குவோம். வாங்குமுன் ஊரில் வலை போடுபவர்களையும் கமக்காரர் அமைப்பையும் கேட்க வேண்டும். விரால், கெளுத்தி, பனையேறி இன்னும் எவ்வளவு பிடிபடுகின்றன என்று அவர்களுக்குத்தான் தெரியும். செயலாளர் அண்ணா, இதை அடுத்த கூட்டத்தில் முதலாவதாக எடுப்பீர்களா?