தாமதத்துக்கு ஃபைன் போட்டேன், தாமதம் கூடிவிட்டது

ஸ்டோர்ஸ் சூப்பர்வைசர்:
மணலி பக்கம் ஒரு ஸ்பேர் பார்ட்ஸ் குடோனில் வேலை. பேக்கிங், லோடிங் எல்லாம் சேர்த்து 40 பேர். ஷிஃப்ட் காலை 8 மணி. தினமும் ஆறேழு பேர் 8.10, 8.15 என்று வருவார்கள், கண்ணில் படாமல் சந்தில் நுழைகிற மாதிரி நுழைவார்கள், நான் ரெண்டு வார்த்தை திட்டுவேன், அதோடு முடிந்துவிடும். மூன்று மாதம் முன்னால் முதலாளி, பத்து நிமிஷம் தாண்டினால் 50 ரூபாய் ஃபைன் என்று நோட்டீஸ் ஒட்டச் சொன்னார். ஒட்டினேன். இப்போது பன்னிரண்டு, பதிமூன்று பேர் லேட். அதுவும் சந்தில் நுழைவதில்லை, நிமிர்ந்து வருகிறார்கள். போன வாரம் லோடிங் ஆள் ஒருத்தர் கேட்டுக்கு எதிரே டீக்கடையில் கிளாஸைப் பிடித்துக்கொண்டே என்னைப் பார்த்து, "எப்படியும் அம்பது ரூபா போச்சு சார், முடிச்சிட்டு வரேன்" என்கிறார். முதலாளி இப்போது 100 ஆக்கு என்கிறார். ஆக்கலாமா?

கொருக்குப்பேட்டை குமாஸ்தா:
டீ கிளாஸைப் பிடித்தபடி அவர் சொன்னதில்தான் உங்களுக்குப் பதில் இருக்கிறது. முன்பு லேட்டாக வந்தால் வெட்கம். இப்போது அதற்கு ஒரு ரேட் வந்துவிட்டது, காசு கொடுத்தாச்சு, கணக்கு தீர்ந்தது. இஸ்ரேலில் ஹைஃபா நகரத்துக் குழந்தைகள் காப்பகங்களில் இதையே சோதித்துப் பார்த்திருக்கிறார்கள், நீஸி, ருஸ்டிசினி என்று இரண்டு பொருளாதாரக்காரர்கள், 2000இல் கட்டுரை வந்தது. பிள்ளையைக் கூட்டிப்போக லேட்டாக வரும் பெற்றோருக்கு ஃபைன் போட்டார்கள். லேட்டாக வருகிறவர்கள் கூடிவிட்டார்கள். சரி என்று ஃபைனை எடுத்துப் பார்த்தார்கள், அப்போதும் குறையவில்லை. போன வெட்கம் திரும்பவில்லை என்றுதான் நான் எடுத்துக்கொள்கிறேன். அதனால் இப்போது ஃபைனை எடுத்தால் எல்லாம் பழையபடி ஆகிவிடும் என்றும் நம்பாதீர்கள்.

பழைய டைம்கீப்பர்:
தம்பி, 100 ஆக்குவது அப்புறம் இருக்கட்டும், அந்த 50ஐ எந்தக் கணக்கில் பிடிக்கிறீர்கள்? 1936 சம்பளப் பட்டுவாடா சட்டமும் சரி, 2019 ஊதியச் சட்டத்தொகுப்பும் சரி, ஒரு சம்பளக் காலத்தில் ஃபைன் 3 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. மாதம் 15,000 வாங்குகிறவருக்கு 450 ரூபாய். ஒன்பது தடவையோடு சரி. எதற்கெல்லாம் ஃபைன் என்ற பட்டியலுக்கு அரசு அனுமதி வாங்கியிருக்க வேண்டும், அவர் தரப்பைக் கேட்டிருக்க வேண்டும், ரிஜிஸ்டரில் ஏற்றியிருக்க வேண்டும், அந்தப் பணம் தொழிலாளிகளுக்கு நன்மையான காரியத்துக்கே போக வேண்டும். சுவரில் ஒட்டின பேப்பர் எதற்கும் ஆகாது. வராத நேரத்துக்கு அந்த அளவு சம்பளம் பிடிப்பது வேறு விஷயம், அது செல்லும்.

நேரத் தகராறு நம்ம ஏரியாவுக்குப் புதுசும் இல்லை. 1918 ஏப்ரலில் பெரம்பூரில் சென்னைத் தொழிலாளர் சங்கம் தொடங்கியபோது, பின்னி மில் ஆட்களுக்கு இருந்த பெரிய குறைகளில் ஒன்று மதியம் சாப்பிட நேரம் போதவில்லை என்பது. அதையும் நிர்வாகம் ஒழுங்கு என்றுதான் சொல்லியிருக்கும்.

தண்டையார்பேட்டை வாசகி:
நான் பேக்கிங் வேலையில்தான் இருக்கிறேன், வேறு கம்பெனி. ஏன் லேட் என்று யாராவது ஒருத்தரையாவது உட்காரவைத்துக் கேட்டீர்களா சார்? எங்கள் தெருவில் அடி பம்பில் தண்ணீர் எப்போது வரும் என்று சொல்ல முடியாது, வரும்போது பிடித்தால்தான் உண்டு. குடத்தை நிரப்பி, பிள்ளைக்கு டிபன் கட்டி ஓடிவந்தால் கொருக்குப்பேட்டை ரயில்வே கேட் மூடியிருக்கும். ஒரு கூட்ஸ் போகும், கேட்டைத் திறப்பான் என்று பார்த்தால் எதிர்ப் பக்கம் இன்னொன்று வரும். ஷேர் ஆட்டோவில் உட்கார்ந்து மணியைப் பார்த்துக்கொண்டிருப்பேன். ஃபைன் போட்டால் அந்த கேட் திறக்குமா?

மாதவரம் லாரிக்காரன்:
எல்லாருக்கும் கேட், எல்லாருக்கும் தண்ணீர் என்று இடம் கொடுத்தால் நாளைக்கு 9 மணிக்கு வருவார்கள். என் லாரி 8 மணிக்கு லோடுக்கு நிற்கிறது, கன்டெய்னர் நெரிசலில் மாட்டினால் துறைமுகம் போய்ச் சேர மத்தியானம் ஆகிவிடும். அந்த நஷ்டம் யாருக்கு?

ஸ்டோர்ஸ் சூப்பர்வைசர்:
பத்து நாள் கழித்து வருகிறேன். அந்த அம்மா சொன்னது உறுத்தியது, ஒவ்வொருத்தராகக் கேட்டேன். லேட் ஆகிறவர்களில் எட்டுப் பேர் கேட்டைத் தாண்டி வருகிறவர்கள். அதில் ஐந்து பேர் பேக்கிங் பெண்கள், அவர்கள் வேலை 8 மணிக்கே தொடங்கணும் என்று எந்த அவசியமும் இல்லை, லாரிக்கு வேண்டியது முதல் நாளே கட்டிவைத்ததுதான். அவர்களுக்கு 8.30 டு 5 ஆக்கினோம். முதலாளி முகம் கோணினார், ஆனால் டைம்கீப்பர் ஐயா சொன்ன சட்டத்தைக் காட்டினதும் நோட்டீஸைக் கிழிக்கச் சொல்லிவிட்டார். பிடித்த பணம் ஏற்கெனவே ஆயுத பூஜைப் பொரிகடலையில் போய்விட்டது, அது நன்மையான காரியத்தில் சேருமா தெரியவில்லை. லோடிங்கில் இப்போதும் மூன்று பேர் லேட். அந்த டீக்கடை ஆளுக்கு வீடு குடோனுக்குப் பின் தெரு, கேட்டும் இல்லை ஒன்றும் இல்லை.

பழைய டைம்கீப்பர்:
அவருக்குத்தான் மெமோ. தேதி, மணி போட்டுக் கொடுங்கள், காப்பியில் கையெழுத்து வாங்க மறக்காதீர்கள்.