சிந்தி எழுத்துருக்கள்: புள்ளி படுத்திருக்கிறதா, நிற்கிறதா?

அரபு எழுத்துரு இருந்தால், அரபு வரிவடிவில் எழுதப்படும் சிந்தி மொழிக்கும் அதுவே போதும் என்று நினைப்பவர்கள் முதலில் இடறுவது புள்ளிகளில்தான். 1853-இல் ஆங்கிலேயர் ஆட்சியில் முறைப்படுத்தப்பட்ட சிந்தி நெடுங்கணக்கில் 52 எழுத்துகள். கூடுதல் ஒலிகளில் பெரும்பாலானவற்றைப் புள்ளிகளே தாங்குகின்றன. ஒரே அடிவடிவின் மேலே இரண்டு புள்ளி பக்கம்பக்கமாக இருந்தால் ‘த’. அதே இரண்டும் ஒன்றன்மேல் ஒன்றாக நின்றால் மூச்சு சேர்ந்த ‘ட’. நான்கானால் மூச்சு சேர்ந்த ‘த’. சொல்லின் முதலிலும் இடையிலும் ‘ய’வையும், காற்றை உள்ளிழுத்து ஒலிக்கும் ‘ப’வையும் பிரித்துக் காட்டுவது கீழ்ப்புள்ளிகள் இரண்டும் படுத்திருப்பதும் நிற்பதும் மட்டுமே.

எழுத்துருவைத் தேர்ந்தெடுக்கும் முன் இந்த எழுத்துகளை 9 பாயின்டில், தடித்த வடிவிலும் அச்சிட்டுப் பாருங்கள். புள்ளிகள் ஒட்டிக் கோடானால் பத்தி உரைக்கு அது ஆகாது.

அடுத்த சிக்கல் காஃப் என்னும் ககர எழுத்து. நஸ்க் என்னும் நேர்வரி அரபுப் பாணிக் கையெழுத்தில் காஃபை நீட்டிப் படுக்கவைப்பது எழுதுபவரின் விருப்பம். சிந்தியில் படுத்த காஃப் ‘க’, நிமிர்ந்தது மூச்சு சேர்ந்த ‘க’. அலங்கார மாற்றுருவோ, வரியை நிரப்பும் நீட்டலோ இவற்றைக் குழப்பினால் சொல்லே மாறிவிடும். அந்த வசதிகளை அணைத்துவிடுங்கள்.

* * *

விசைப்பலகையையும் பார்க்க வேண்டும். உருது விசைப்பலகையில் அடித்தால் சொல்லிறுதி ‘யே’ (யகர எழுத்து) புள்ளியின்றி வரும். சிந்தியில் அங்கே இரண்டு புள்ளி தேவை. ‘ஹே’ என்னும் ஹகர எழுத்துக்கும் பல யூனிகோட் (கணினி எழுத்துக்குறி) எண்கள் உண்டு. பார்வைக்கு ஒன்றுபோல் இருந்தாலும் தேடலில் சிக்காது. நீண்ட ஆவணமென்றால் அச்சுக்கு முன் ஒரே எண்ணுக்கு மாற்றிவிடுவது நல்லது.

சொல்லின் நடுவே ஓர் எழுத்து மட்டும் ஒட்டாமல், வேறு தடிமனில் நின்றால், எழுத்துருவில் அது இல்லை, கணினி வேறொன்றிலிருந்து இரவல் வாங்கியிருக்கிறது என்று பொருள்.

* * *

தொடர் உரைக்கு நஸ்க் பாணியே சரி. உருதுவுக்கு வழக்கமான நஸ்தலீக் பாணியில் சொல் சரிந்து இறங்குவதால் புள்ளிகள் இடம் தேடி நகரும். நான்கு புள்ளிக் கொத்துகள் அடுத்த எழுத்தோடு மோதும். தலைப்புக்கு அழகு, பத்திக்குச் சுமை.

சிந்திக் கவிஞர் ஷா அப்துல் லத்தீஃபின் பெயர் தாங்கிய ‘லத்தீஃப்’ எழுத்துரு இலவசம். சிந்தி எழுத்துகளை முழுமையாகக் கொண்டது. பார்வைக்குச் சிறியது, எனவே வழக்கத்தைவிட அளவைக் கூட்டுங்கள். வரி உயரம் எழுத்தளவைப்போல் 1.8 மடங்காவது வேண்டும். உயிர்க்குறி இட்ட கவிதையென்றால் 2. மென்பொருளில் உரையின் மொழியைச் ‘சிந்தி’ என்று குறிக்க மறந்தால் 6 போன்ற இலக்கங்கள் பாரசீக உருவில் வரக்கூடும்.