எலும்பு நீக்கிச் சுருட்டிய ஆட்டுத்தொடை: கட்டு நழுவுகிறது, நடுப்பகுதி வேகவில்லை

அடுப்படிவாசி:
வணக்கம். எலும்பு நீக்கிய 2 கிலோ ஆட்டுத்தொடையின் உட்புறம் பூண்டு விழுதைத் தடவிச் சுருட்டி, நடுவிலும் இரு முனைகளிலுமாக மூன்று இடங்களில் நூலால் கட்டி, 200 டிகிரி செல்சியஸில் ஒன்றேகால் மணி நேரம் ஓவனில் வைத்தேன். பாதி நேரத்திலேயே ஒரு முனையின் கட்டு நழுவி, அந்தப் பக்கம் பாய் விரித்ததுபோல் திறந்துகொண்டது. வெட்டிப் பார்த்தால், மெலிந்த முனை விறகாகக் காய்ந்திருக்கிறது. தடித்த நடுப்பகுதியோ பச்சையாகவே இருக்கிறது. பிழை கட்டியதிலா, வெப்பத்திலா?

கறிவெட்டி:
இரண்டிலும் உண்டு. ஆனால் முதல் பிழை, நூலைக் கையில் எடுப்பதற்கு முன்பே நேர்ந்திருக்கிறது. எலும்பை எடுத்த தொடை ஓரிடத்தில் நான்கு விரல் கனமும் மற்றோரிடத்தில் ஒரு விரல் கனமுமாக இருக்கும். அதை அப்படியே சுருட்டினால், எத்தனை கட்டுப் போட்டாலும் உருளை சமமாக வராது. தடித்த இடத்தில் கத்தியைப் படுக்கைவாக்கில் செலுத்தி, முழுவதும் அறுத்துவிடாமல் புத்தகம் போல் விரித்துவிடுங்கள். மேலே வெள்ளியாக மின்னும் சவ்வு எவ்வளவு நேரம் வெந்தாலும் கரையாது என்பதோடு, சூட்டில் சுருங்கி இறைச்சியைக் கோணலாக இழுக்கும் என்பதால், கத்தி முனையை அதன் அடியில் நுழைத்து, கூர்ப்பக்கத்தைச் சற்று மேல்நோக்கிச் சாய்த்து உரித்தெடுங்கள். சுருட்டும்போது, தசை இழைகள் உருளையின் நீளவாக்கில் ஓடுமாறு பார்த்துக்கொண்டால், பிறகு போடும் ஒவ்வொரு துண்டும் தானாகவே இழைக்குக் குறுக்காக விழும்.

நூல் சாயமில்லாத பருத்தி நூலாக இருக்கட்டும்; நைலான் சூட்டில் உருகிவிடும். முதல் கட்டு நடுவில், அடுத்த இரண்டு முனைகளில், பிறகு இடைவெளிகளை இரண்டு விரல் அகலத்துக்கு ஒன்றாக நிரப்ப வேண்டும். உங்கள் கட்டு நழுவியதற்குக் காரணம், பெரும்பாலும், இரண்டாம் முடிச்சைப் போடுவதற்குள் முதல் முடிச்சு தளர்ந்ததுதான். முதல் முடிச்சில் நூலை ஒரு முறைக்குப் பதில் இரண்டு முறை சுற்றி இழுத்தால், கையை எடுத்தாலும் அது அங்கேயே பிடித்து நிற்கும். நூல் இறைச்சிக்குள் புதையும் அளவுக்கு இறுக்குவதும் தவறு. உள்ளே வைத்த விழுது முனைகள் வழியே பிதுங்கிவிடும். ஒரே நீள நூலால் சுற்றிச் சுற்றிக் கட்டுவது பார்க்க அழகுதான். நானும் தொடக்கத்தில் அப்படித்தான் கட்டினேன், ஒரு முடிச்சு விட்டதும் எல்லாமே விட்டுப்போன பிறகு தனித்தனிக் கட்டுக்கு மாறிக்கொண்டேன்.

உப்புக்கல்:
வெப்பத்தைப் பற்றி நான் சொல்கிறேன். ஓவன் 200 டிகிரியில் இருந்தால், நடுப்பகுதி பக்குவமாவதற்குள் வெளிப்புறம் அதைத் தாண்டி வெகுதூரம் போய்விடும். 120 டிகிரியில் மெதுவாக வேகவைத்து, வெளியே எடுத்துச் சற்று ஆறவிட்டு, பரிமாறுவதற்கு முன் 250 டிகிரியில் பத்து நிமிடம் மட்டும் வைத்து மேற்புறத்தைச் சிவக்க வையுங்கள். முதலிலேயே வறுத்தால் சாறு உள்ளேயே அடைபடும் என்று சொல்வது சரியல்ல; வறுப்பதனால் கிடைப்பது மணமும் நிறமும்தான். அந்த நிறமும் ஈரமான மேற்பரப்பில் வராது. ஆகவே கிலோவுக்கு 12 முதல் 15 கிராம் உப்பை, உட்புறம் உட்பட எங்கும் தடவிக் கட்டி, ஓர் இரவு முழுவதும் மூடாமல் ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள்.

கடிகாரத்தை நம்பாதீர்கள், ஏனெனில் நேரத்தை முடிவு செய்வது எடையைவிடத் தடிமனே. இறைச்சி வெப்பமானியின் முனையைத் தடித்த இடத்தின் நட்டநடுவில் குத்தி, 55 டிகிரி வந்ததும் எடுத்தால் உள்ளே இளஞ்சிவப்பாக இருக்கும்.

கறிவெட்டி:
கடைசி வரியை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. வெட்டாத முழுத் தசையில் கிருமிகள் பெரும்பாலும் மேற்பரப்பில்தான் இருக்கும் என்பதால், அதன் நடுவை இளஞ்சிவப்பாக விடலாம். விரித்து, கைபட்டு, விழுது தடவிச் சுருட்டியதில் அந்த மேற்பரப்பே நடுவுக்குள் போய்விடுகிறது. எனவே நடுப்பகுதி 70 டிகிரியை எட்டி, குறைந்தது இரண்டு நிமிடம் அதே சூட்டில் நிற்க வேண்டும்.

உப்புக்கல்:
சரிதான், சுருட்டியது என்பதை நான் கணக்கில் எடுக்கவில்லை. அப்படியானால் தொடையைச் சுருட்டுவதே எனக்கு நட்டமாகத் தெரிகிறது. கொழுப்பும் இணைப்புத் திசுவும் குறைந்த அந்தத் தசை 70 டிகிரியில் வறண்டுபோகும். சுருட்டித்தான் ஆக வேண்டும் என்றால், தோள்பட்டை இறைச்சியை எடுத்துக்கொள்ளுங்கள். அதிலுள்ள கொலாஜன் என்ற இணைப்புத் திசுப் புரதம் நீண்ட நேரச் சூட்டில் ஜெலட்டினாகக் கரைவதால், மூடிய பாத்திரத்தில் சிறிது நீருடன் 150 டிகிரியில் மூன்று நான்கு மணி நேரம் வைத்து, நடுப்பகுதி 90 டிகிரியைத் தாண்டினாலும் கரண்டிக்கே பிரியும்.

அடுப்படிவாசி:
நன்றி. அடுத்த முறை தோள்பட்டையைச் சுருட்டுகிறேன். தொடையை எலும்போடு முழுதாகவே வேகவைக்கிறேன். நூலை எப்போது அவிழ்க்க வேண்டும்?

கறிவெட்டி:
வெளியே எடுத்து இருபது நிமிடம் ஆறிய பிறகு. சூடாக இருக்கும்போது அறுத்தால் உருளை தளர்ந்து, சாறு பலகையில் ஓடிவிடும். கத்தரிக்கோலால் ஒவ்வொரு கட்டையும் முடிச்சுக்கு அருகில் வெட்டி, முடிச்சைப் பிடித்து மெதுவாக இழுங்கள்; மொறுமொறுப்பான மேற்புறம் நூலோடு சேர்ந்து உரிந்து வராது. எத்தனை கட்டுப் போட்டீர்கள் என்பதை முன்பே எண்ணி வைத்துக்கொண்டால், ஒரு துண்டு நூல் யாருடைய தட்டுக்கும் போகாது.