நிழல் படங்கள் எடுத்த லோட்டே ரைனிகர்: சின்னப் பிள்ளைகளுக்கு எதில் ஆரம்பிக்கலாம்?

கோத்தகிரி_டீச்சர்:
வணக்கம். கோத்தகிரிப் பக்கம் ஒரு தொடக்கப்பள்ளியில் வேலை. ஆடிக் காற்றில் பிள்ளைகளை வெளியே விட முடியாது, அதனால் மத்தியானம் புரொஜக்டரில் ஏதாவது போடுவோம். போன வாரம் சிண்ட்ரெல்லா கதை ஒன்று கிடைத்தது. ஆங்கிலத்தில் ஒருவர் கதை சொல்ல, ஆட்கள் எல்லாம் கருப்பு நிழல். கண்ணும் கிடையாது, மூக்கும் கிடையாது. கடைசி பெஞ்சு கூட வாய் திறக்காமல் பார்த்தது! எடுத்தவர் லோட்டே ரைனிகராம். இவர் வேறு என்ன எடுத்திருக்கிறார்? 'இளவரசர் அக்மத்' என்று பெரிய படம் ஒன்று இருக்கிறதாமே, ஒன்றாம் இரண்டாம் வகுப்புக்கு அதைப் போடலாமா?

குன்னூர்_ரயிலடி:
தாராளமா போடுங்க டீச்சர். 1926-ல் வந்தது. உலகத்தின் முதல் முழுநீள அனிமேஷன் படம். டிஸ்னியின் ஸ்னோ ஒயிட்டுக்கு 11 வருஷம் முந்தி.

இந்துநகர்_ரிடையர்டு:
முதல் படம் இல்லை தம்பி. அர்ஜென்டினாவில் குவிரினோ கிறிஸ்தியானி 1917-லேயே ஒன்று எடுத்துவிட்டார், அது அழிந்துபோனது. இன்றைக்குப் பார்க்கக் கிடைப்பதில் பழையது அக்மத். அதற்கும் ஜெர்மன் மூலப் பிரதி மிஞ்சவில்லை, லண்டனில் இருந்ததை வைத்து மீட்டெடுத்தார்கள். அந்தக் கால நைட்ரேட் ஃபிலிம் பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள்ளும் எரியும். நான் ஊட்டி ஃபிலிம் ஃபேக்டரியில் இருந்தவன். எந்தப் படம் பார்த்தாலும் கதைக்கு முன்னால் ஃபிலிம்தான் கண்ணில் படும்.

டீச்சரம்மா, அக்மத் உருவானதே கச்சா ஃபிலிம் வீணாகக் கிடந்ததால்தான். முதல் உலகப்போர் முடிந்து ஜெர்மன் பணம் செல்லாக்காசாகிக்கொண்டிருந்த நேரம். லூயி ஹாகன் என்ற வங்கிக்காரர், ரொக்கமாக வைப்பதைவிடச் சரக்காக வைப்போம் என்று ஃபிலிமாக வாங்கி அடுக்கிவிட்டார். கணக்கு பலிக்கவில்லை. சரி, இதில் ஒரு பெரிய படம் எடு என்று 1923-ல் இந்தப் பெண்ணிடம் கொடுத்தார். அப்போது அவருக்கு 24 வயது. பொட்ஸ்டாமில் ஹாகன் வீட்டுக் கார் ஷெட்டின் மாடிதான் ஸ்டுடியோ. கருப்பு அட்டையும் மெல்லிய ஈயத் தகடும் வெட்டி, மூட்டுக்கு மூட்டு கம்பி கோத்து, கண்ணாடி மேல் படுக்க வைப்பார். விளக்கு கீழே, கேமரா மேலே. மயிரிழை நகர்த்தி ஒரு படம், மறுபடி நகர்த்தி ஒரு படம். விநாடிக்கு 24 என்று வைத்தால் பத்து நிமிஷப் படத்துக்கு 14,400 தடவை.

ஆனால் ஆறு வயதுப் பிள்ளைக்கு அக்மத் வேண்டாம் என்பேன். பேச்சில்லாமல் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடும், சூனியக்காரி, பூதம் என்று கதைக்குள் கதை. நீங்கள் போட்டது 1954-ல் வந்தது, அந்த வரிசையையே பிடித்துக்கொள்ளுங்கள். ஹிட்லர் காலத்தில் ரைனிகரும் கணவர் கார்ல் கோக்கும் ஜெர்மனியை விட்டு வெளியேறி, எங்கும் நிரந்தர விசா கிடைக்காமல் ஊர் ஊராக அலைந்தார்கள். 1949-ல்தான் லண்டனில் குடியேறினார்கள். அங்கே தொலைக்காட்சிக்குக் கதைப் படங்கள் எடுக்கக் கம்பெனி நடத்தியவர் யார் தெரியுமா? அதே வங்கிக்காரரின் மகன்! அக்மத் எடுத்தபோது அவன் பொடிப்பயல். ஓரிரு வருடத்தில் பத்துப் படங்களுக்கு மேல் எடுத்துத் தள்ளினார்கள். 'வீரத் தையல்காரன்' 1955-ல் வெனிஸில் பரிசு வாங்கியது. முதலில் அதைப் போடுங்கள், அப்புறம் 'தம்பலீனா', கடைசியில் 'ஜாக்கும் அவரைக்கொடியும்'. அதில் நிழலுக்குப் பின்னால் கலர் வரும், பிள்ளைகள் துள்ளுவார்கள்.

1963-ல் கணவர் போனதும் அந்த அம்மா படமெடுப்பதை விட்டுவிட்டார். எழுபதுகளில் கனடாவுக்கு அழைத்தார்கள், எழுபத்தைந்து வயதில் மறுபடி கத்தரியைக் கையில் எடுத்தார். 1981-ல் காலமானார்.

குன்னூர்_ரயிலடி:
அர்ஜென்டினா சங்கதி புதுசு சார். இருந்தாலும் அக்மத்தில் பறக்கும் குதிரை வரும் இடத்தை மட்டுமாவது காட்டுங்க டீச்சர், பத்து நிமிஷம் போதும்.

கோத்தகிரி_டீச்சர்:
ரொம்ப நன்றி ஐயா. குதிரையையும் காட்டிவிடுகிறேன் தம்பி. பிள்ளைகள் தாங்களே வெட்டணும் என்று அடம்பிடிக்கிறார்கள். வீட்டில் மாமியாரின் பழைய எக்ஸ்ரே ஷீட் நிறையக் கிடக்கிறது, கருப்பாகத்தானே இருக்கிறது, அதில் வெட்டலாமா?

இந்துநகர்_ரிடையர்டு:
எக்ஸ்ரே ஃபிலிம் எங்கள் ஃபேக்டரிச் சரக்கும்தான், ஆனால் வேண்டாம். பின்னால் விளக்கு போட்டால் இளவரசிக்குள் உங்கள் மாமியாரின் விலா எலும்பு தெரியும். கருப்பு சார்ட் போதும். ரைனிகர் வெட்டும்போது வலது கை அசையாது, இடது கையால் அட்டையைத்தான் திருப்புவார். பிள்ளைகளுக்கும் அப்படியே பழக்குங்கள், வளைவு பிசிறில்லாமல் வரும். மூட்டுக்கு பழைய வயரை உரித்தால் வரும் செம்புக் கம்பி. முதலில் காக்காய் செய்யுங்கள்: உடம்பு ஒன்று, இறக்கை இரண்டு. மனுஷ உருவத்துக்கு முழங்கை, முழங்கால், கழுத்து என்று மூட்டு கூடிக்கொண்டே போகும், அது மூன்றாம் வகுப்புக்கு மேல்.